சாத்-பாராவில் இல்லாத நிலம்

நந்தூர்பார் மாவட்டத்தில் ஒரு தொண்டு நிறுவனத்துக்காக மறுகுடியமர்வுப் படிவம் நிரப்பும் வேலையில் கொஞ்ச காலம் இருந்தேன். நர்மதை ஆற்றின் சர்தார் சரோவர் அணையால் மகாராஷ்டிரத்தில் பாதிக்கப்பட்டவை 33 கிராமங்கள். எல்லாம் சாத்புடா மலைக்குள், பில், பாவ்ரா பழங்குடி மக்களின் ஊர்கள்.

பெயர் எழுதி முடித்து 'நிலம்' என்ற கட்டத்துக்கு வந்ததும் பேனா நின்றுவிடும். அங்கே நிலத்துக்கு ஆதாரம் 'சாத்-பாரா' என்கிற பதிவுத்தாள். தாத்தா காலத்திலிருந்து உழுத சரிவு, வனத்துறைக் கணக்கில் காடு, உழுதவர் ஆக்கிரமிப்பாளர். மாநிலங்களின் நதிநீர்ச் சண்டையைத் தீர்க்க அமைத்த நர்மதா நடுவர் மன்றம் 1979-ல் தந்த தீர்ப்பு அந்தக் காலத்துக்குத் தாராளமானதுதான். அப்போதிருந்த 1894-ஆம் வருட நில எடுப்புச் சட்டம் பணத்தைக் கையில் கொடுத்து அனுப்பிவிட்டது. இதுவோ நிலத்துக்கு நிலம், குறைந்தது 2 ஹெக்டேர், 18 வயதான மகன் தனிக் குடும்பம் என்றது. தாள் இல்லாதவருக்குத்தான் அது எட்டவில்லை. உலக வங்கி நியமித்த மோர்ஸ் குழு 1992-ல் இதையும் சுட்டிக்காட்டியது. மறு வருடம் வங்கிக் கடன் நின்றது, அணை நிற்கவில்லை.

வயது இன்னொரு தலைவலி. மூத்த மகன் எப்போது பிறந்தான் என்று ஒரு பெரியவரைக் கேட்டேன். "சர்வேக்காரர்கள் கல் நட்டுவிட்டுப் போனார்களே, அதற்கு அடுத்த மழைக்கு" என்றார். எனக்கு அது போதும், ஆபீஸுக்குப் போதாது. மகள் பிறந்த வருடத்தைக் கேட்கவே சொல்லவில்லை. 1979 தீர்ப்பில் வயது வந்த மகள் தனிக் குடும்பம் இல்லை.

தலோதா பக்கம் சமவெளியில் நிலம் கிடைத்தவர்களையும் பார்த்தேன். ஒரு அம்மா வாசலில் உட்கார்ந்து செலவுக் கணக்கு ஒப்பித்தார்: விறகுக்குக் காசு, மாட்டுத் தீவனத்துக்குக் காசு, மீனுக்குக் காசு. மலையில் இதில் எதையும் அவர் விலைக்கு வாங்கியதில்லை. மாடுகளில் பாதியை விற்றாயிற்று. பழைய வீட்டின் தேக்குத் தூண்களைக் கழற்றிக் கொண்டுவந்து நட்டிருந்தார்கள். இலுப்பை மரங்களை அப்படிக் கொண்டுவர முடியுமா? பூவைப் பொறுக்கிக் காயவைத்து விற்றால் உப்பும் எண்ணெயும் துணியும் அதிலேயே வந்துவிடுமாம். 'இதர வருமானம்' என்ற அரை வரியில் அதை நுணுக்கி எழுதினேன். சரிபார்த்தவர் அடித்துவிட்டார்.

2019 செப்டம்பரில் நீர் 138.68 மீட்டர் என்ற முழு அளவை எட்டியது. அதற்குச் சில வாரம் முன்பு, மறுகுடியமர்வு முடியும்வரை மதகுகளைத் திறந்து வையுங்கள் என்று அணை எதிர்ப்பு இயக்கத்தின் மேதா பட்கர் மத்தியப் பிரதேசத்தில் உண்ணாவிரதம் இருந்தார். புதுக் கோரிக்கை ஒன்றுமில்லை. மக்களைக் குடியமர்த்த ஏற்பாடு செய்யாமல் எந்த இடத்தையும் மூழ்கடிக்கக் கூடாது என்று 1979 தீர்ப்பிலேயே இருக்கிறது.