தீர்மானம் நிலமாகாது

சாலை விரிவாக்கக் கோப்பு பெரும்பாலும் ஒரே மாதிரிதான் தொடங்கும். 10 அடிப் பாதையை 20 அடியாக்க உள்ளாட்சி மன்றத் தீர்மானம், மதிப்பீடு, நிர்வாக அனுமதி, ஒப்பந்தப்புள்ளி என்று எல்லாம் வரிசையாக இருக்கும். அந்தக் கூடுதல் 10 அடி யார் பட்டாவில் கிடக்கிறது என்று சொல்லும் தாள் மட்டும் இருக்காது. ஜேசிபி வந்து நின்ற பிறகுதான் அதைத் தேடுவார்கள்.

1978-இன் 44-ஆவது அரசியலமைப்புத் திருத்தம் சொத்துரிமையை அடிப்படை உரிமைப் பட்டியலிலிருந்து எடுத்துவிட்டது. அதே திருத்தம் 300அ பிரிவைச் சேர்த்தது: சட்டத்தின் அதிகாரம் இல்லாமல் யாருடைய சொத்தையும் பறிக்கக் கூடாது. மன்றத் தீர்மானம் அந்தச் ‘சட்டம்’ ஆகாது. கொல்கத்தா மாநகராட்சிச் சட்டத்தின் 352-ஆவது பிரிவு, தெரு, பூங்காவுக்கு ஆணையர் நிலம் எடுக்கலாம் என்றே படிப்பவருக்குத் தோன்றும். 2024 மே மாதம் உச்ச நீதிமன்றம் அதை ஏற்கவில்லை. எந்த நிலம் தேவை என்று முடிவு செய்ய மட்டுமே அந்தப் பிரிவு இடம் தருகிறது, கட்டாயமாக எடுக்கும் அதிகாரம் அதில் இல்லை என்றது. மாநகராட்சியை 5 லட்சம் ரூபாய் வழக்குச் செலவுத் தொகையும் கட்டச் சொன்னது. இழப்பீடு மட்டும் போதாது என்பதும் அந்தத் தீர்ப்பில் தெளிவானது. முன்னறிவிப்பு, ஆட்சேபத்தைக் கேட்பது, காரணம் சொல்லும் உத்தரவு, உண்மையான பொதுத் தேவை, நியாயமான இழப்பீடு, தாமதமில்லாத நடைமுறை, கடைசியில் நிலம் முறைப்படி அரசிடம் வந்து சேர்வது ஆகிய ஏழும் வேண்டும்.

தமிழ்நாட்டில் அடிக்கடி கேட்கும் பதில், ‘ரோடு பஞ்சாயத்துக்குச் சொந்தம், சட்டத்திலேயே இருக்கு’ என்பது. ஊராட்சிச் சட்டம் பொதுச் சாலைகளை ஊராட்சியிடம் ஒப்படைக்கிறது, சரி. ஏற்கெனவே பொதுச் சாலையாக இருப்பதைத்தான் ஒப்படைக்கிறது. பக்கத்துப் பட்டா நிலத்தைச் சாலையாக்கித் தருவதில்லை.

ஆகவே முதல் வேலை அளவை. புலப்பட (நில எல்லை அளவு வரைபடம்) நகலும் அ-பதிவேடும் (சர்வே எண்வாரியான நிலப் பதிவேடு) எடுத்து, பாதை தனி சர்வே எண்ணா, பட்டா எண்ணுக்குள் ஓடும் வண்டிப் பாதையா என்று பார்க்க வேண்டும். தனி எண் என்றால் அதன் அகலம் புலப்படத்தில் இருக்கும். அளவர் உரிமையாளரை வைத்துக்கொண்டு அளந்து கல் நட்டால் பாதிச் சண்டை அங்கேயே முடிந்துவிடும். அளக்காமல் ஆக்கிரமிப்பு நோட்டீஸ் கொடுப்பது பழைய வியாதி. 1905-ஆம் ஆண்டின் நில ஆக்கிரமிப்புச் சட்டம் அரசு நிலத்துக்கு மட்டும்தான். பட்டாதாரரின் மதில் சுவரை இடிக்க அந்த நோட்டீஸ் உதவாது.

சின்ன அளவு நிலம் என்றால் தானப் பத்திரம்தான் எளிய வழி. கோளாறுகளும் அதில்தான் அதிகம். வெள்ளைத் தாளில் ‘சாலைக்கு மனமுவந்து விட்டுக்கொடுக்கிறேன்’ என்று எழுதி வாங்கிக் கோப்பில் சேர்ப்பது தானம் அல்ல. அசையாச் சொத்தின் தானத்துக்குப் பத்திரப்பதிவும், கையெழுத்தைச் சான்றளிக்கும் இரண்டு சாட்சிகளும் கட்டாயம். கொடுப்பவர் உயிரோடு இருக்கும்போதே பெறுபவர் ஏற்க வேண்டும். ஆகவே உள்ளாட்சியின் ஏற்புத் தீர்மானத்தை ஆறு மாதம் தள்ளிப்போடுவது ஆபத்து. கூட்டுப் பட்டாவில் அண்ணன் மட்டும் கையெழுத்துப் போட்டால் தம்பி, தங்கை பங்கு வராது. மைனர் பங்கு இருந்தால் நீதிமன்ற அனுமதி இல்லாமல் தொடவே வேண்டாம். வில்லங்கச் சான்றில் கூட்டுறவு வங்கி அடமானம் இருந்தால் அதை விடுவித்த பிறகே பத்திரம்.

பதிவோடும் வேலை முடிவதில்லை. உட்பிரிவு செய்து, பட்டாவிலிருந்து அந்தப் பரப்பைக் கழித்து, அ-பதிவேட்டில் பாதை என்று ஏற்ற வேண்டும். இதை விட்டுவிட்டால் பட்டா பழைய பரப்பையே காட்டும். 15 வருடம் கழித்து வாரிசுகள் முழுப் பரப்பையும் விற்பார்கள், வாங்கியவர் சாலையில் கல் ஊன்றுவார். அவரைக் குற்றம் சொல்லவும் முடியாது.

தானத்துக்கு மனமில்லை, பேச்சுவார்த்தை விலையும் படியவில்லை என்றால் 2013-ஆம் ஆண்டின் நில எடுப்புச் சட்டம். அதை உள்ளாட்சி நேராகக் கையாள முடியாது. மாவட்ட ஆட்சியர் வழியாகத்தான் போக வேண்டும். 11-ஆவது பிரிவின் முதல் அறிவிப்பு வந்த 60 நாளுக்குள் ஆட்சேபம் சொல்லலாம். அந்த அறிவிப்பிலிருந்து 12 மாதத்தில் 19-ஆவது பிரிவின் பிரகடனம், அதிலிருந்து 12 மாதத்தில் தீர்வம் (இழப்பீட்டை முடிவு செய்யும் உத்தரவு). சந்தை மதிப்புக்கு வழிகாட்டி மதிப்பை மட்டும் பார்த்தால் போதாது. பக்கத்தில் மூன்று ஆண்டுகளில் நடந்த விற்பனைகளில் அதிக விலையுள்ள பாதிப் பத்திரங்களின் சராசரியையும் பார்த்து, எது அதிகமோ அதை எடுக்க வேண்டும். நகரப் பகுதியில் 5 சென்ட், சென்ட் 2 லட்சம் என்று வையுங்கள். மதிப்பு 10 லட்சம், கட்டாயமாக எடுப்பதற்கான 100 சதவீத ஆறுதல் தொகை இன்னொரு 10 லட்சம், சந்தை மதிப்பின் மேல் ஆண்டுக்கு 12 சதவீதம் என ஓராண்டுக்கு 1.2 லட்சம். மொத்தம் 21.2 லட்சம். கட்டடமும் மரமும் இருந்தால் கூடும், கிராமப்புறம் என்றால் மதிப்பைப் பெருக்கும் காரணியும் சேரும். சாலை மதிப்பீட்டில் தாரும் ஜல்லியும் மட்டும் இருந்தால் இந்தப் பணம் எங்கிருந்து வரும்? நில எடுப்பு பாதியில் நிற்பதற்கு வழக்கு மட்டுமல்ல, இந்த நிதிப் பள்ளமும் காரணம். தொகை முழுவதையும் கொடுக்காமல் சுவாதீனம் எடுக்கவும் கூடாது.

வரைபடத்தில் மட்டும் ஓடும் சாலைகளும் உண்டு. விரிவான வளர்ச்சித் திட்டத்தில் 40 அடிச் சாலை என்று கோடு போட்டிருப்பார்கள். 1971-ஆம் ஆண்டின் நகர் ஊரமைப்புச் சட்டம் 38-ஆவது பிரிவின்படி, திட்ட அறிவிப்பு வெளியான மூன்று ஆண்டுக்குள் நில எடுப்புப் பிரகடனமும் இல்லாமல், உடன்பாட்டிலும் வாங்காமல் விட்டால், அந்த நிலம் விடுவிக்கப்பட்டதாகவே கருதப்படும். அதற்குப் பிறகும் வீட்டு வரைபட அனுமதி கேட்பவரிடம் பழைய கோட்டைக் காட்டி மறுப்பது நிற்காது. மனைப்பிரிவு போடுபவரின் நிலை வேறு. உள் சாலைகளையும், பரப்புக்கு ஏற்பத் திறந்தவெளி ஒதுக்கீட்டையும் தானமாகக் கொடுக்கச் சொல்லலாம். திறந்தவெளிக்கு 10 சதவீதம் ஒதுக்கும் விதியை 2023 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம் செல்லும் என்றது.

மிச்சம் இருப்பது ‘முப்பது வருஷமா ஜனங்க நடக்கிறாங்க’ என்ற வாதம். நடந்த பாதைக்கு வழியுரிமை இருக்கலாம், ஆனால் 4 அடி ஒற்றையடிப் பாதையில் நடந்தது 20 அடித் தார்ச் சாலைக்கு உரிமை தராது. ஹிமாசலப் பிரதேசத்தில் 1967-68-இல் ஒரு பெண்ணின் நிலத்தில் நில எடுப்பே இல்லாமல் சாலை போட்டார்கள். நீண்டகால அனுபவத்தால் நிலம் தனதாகிவிட்டது என்று மாநில அரசு வாதிட்டதை 2020 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் ஒதுக்கி, இழப்பீடு கொடுக்க உத்தரவிட்டது. குடிமகனின் நிலத்தில் எதிரிடை அனுபோகம் (நீண்டகாலம் வைத்திருந்ததால் வரும் உரிமை) கோர மக்கள்நல அரசுக்கு இடமில்லை என்றது. இப்படிக் காகிதமில்லாத சாலை உங்கள் எல்லையில் இருந்தால், அடுத்த தார் அடுக்குக்கு மதிப்பீடு போடும் முன் ஒரு நாள் அளவரை அனுப்புங்கள்.