தலைமாட்டு மேசை எவ்வளவு உயரம் இருக்கணும்?

மெத்தை வாங்க வருகிறவர்கள் என்னிடம் கேட்காத கேள்வி கிடையாது. இலவம் பஞ்சா, தென்னைநாரா? சூடு ஏறுமா? முதுகுவலிக்கு எது தேவலை? பிள்ளை மூத்திரம் போனால் உறையை மட்டும் கழற்றித் துவைக்க முடியுமா? பழைய மெத்தையை எடுத்துக்கொண்டு எவ்வளவு குறைப்பீர்கள்? எல்லாவற்றையும் கேட்பார்கள். மெத்தை வீட்டுக்குப் போய்ச் சேர்ந்த பிறகுதான் இந்த போன் வரும்: "அண்ணாச்சி, மெத்தை நல்லாத்தான் இருக்கு. பக்கத்துல கெடக்க ஸ்டூலுதான் குட்டையாப் போச்சு. ராத்திரி தண்ணி எடுக்கதுக்குள்ள பாதி ஒடம்பு கட்டிலுக்கு வெளிய வந்துருது."

அம்பாசமுத்திரத்தில் அப்பா காலத்திலிருந்து எங்களுக்கு மெத்தைக் கடை. மேசை, நாற்காலி எங்கள் வியாபாரம் இல்லை. ஆனாலும் தலைமாட்டு மேசையின் உயரத்தைத் தீர்மானிப்பது மரக்கடைக்காரர் இல்லை, மெத்தைதான். அதனால் இதை எழுத எனக்குக் கொஞ்சம் உரிமை உண்டு என்று நினைக்கிறேன்.

கணக்கு சின்னதுதான். மேசையின் மேல்பலகை, மெத்தையின் மேல்மட்டத்துக்குச் சமமாக இருக்க வேண்டும். இரண்டு அங்குலம் கூடினால் பரவாயில்லை, நல்லதும்கூட. குறையக் கூடாது. சென்டிமீட்டரில் பார்க்கிறவர்கள் ஐந்து என்று வைத்துக்கொள்ளலாம்.

இதில் எல்லோரும் இடறுகிற இடம் ஒன்று உண்டு. மேசைக்கென்று ஒரு பொது உயரம் இருப்பதாக நினைத்துக்கொள்கிறார்கள். இணையத்தில் தேடினால் 24 முதல் 28 அங்குலம் என்று போட்டிருக்கும். அது அமெரிக்க வீடுகளுக்கான அளவு. அங்கே கட்டிலின் மேல் ஸ்பிரிங் வைத்த ஒரு பெட்டி, பெட்டியின் மேல் பத்துப் பன்னிரண்டு அங்குல மெத்தை என்று படுக்கையே மலை மாதிரி இருக்கும். நம் ஊரில் பதினைந்து அங்குலக் கட்டிலில் நாலு அங்குலத் தென்னைநார் மெத்தை போட்டுப் படுக்கிறவர் 26 அங்குல மேசையை வாங்கினால், படுத்துக்கொண்டு திரும்பிப் பார்க்கும்போது இழுப்பறையின் கைப்பிடிதான் கண்ணுக்கு நேராக நிற்கும். மேலே மூக்குக்கண்ணாடி எங்கே இருக்கிறது என்று கையால் தடவித்தான் கண்டுபிடிக்க வேண்டும். தடவுகிற கை முதலில் தட்டிவிடுவது தண்ணீர் டம்ளரை.

குட்டையாக இருந்தால் வேறு மாதிரி வம்பு. ஒருக்களித்துப் படுத்தவருடைய தோள் மெத்தைக்கு மேலே இருக்கிறது. மெத்தையைவிட ஐந்தாறு அங்குலம் கீழே இருக்கிற நிறைசொம்பைத் தூக்க, தோளை விளிம்புக்கு வெளியே கொண்டுபோக வேண்டும். உடம்பின் பாரமெல்லாம் மெத்தையின் ஓரத்துக்கு வருகிறது. ஃபோம் மெத்தைக்கு நடுவில் இருக்கிற பலம் ஓரத்தில் இருக்காது, அமுங்கிவிடும். சின்ன வயதுக்காரர்கள் சமாளித்துக்கொள்வார்கள். தூக்கக் கலக்கத்தில் எழுந்திருக்கிற எழுபது வயதுக்காரருக்கு அது விளையாட்டில்லை.

பாயில் படுத்த காலத்தில் இந்தக் கேள்வியே எழவில்லை. இங்கிருந்து திருநெல்வேலி போகிற வழியில்தான் பத்தமடை இருக்கிறது. அந்தக் கோரைப் பாயை விரித்துப் படுத்தவருக்குத் தரைதான் மேசை. பாய்க்கு என்ன கனம் இருக்கப் போகிறது? சொம்பு தரையில், வெற்றிலைச் செல்லம் தரையில், டார்ச் லைட் தரையில். படுக்கையும் பொருளும் ஒரே மட்டம். என் ஆச்சி கண்ணைத் திறக்காமலே செல்லத்திலிருந்து பாக்கை எடுத்து வாயில் போட்டுக்கொள்வாள். கட்டில் வந்ததும் நாம் மேலே ஏறிவிட்டோம், சொம்பு தரையிலேயே நின்றுவிட்டது. அதை மேலே கொண்டுவரத்தான் ஸ்டூல் வந்தது. அப்புறம் கட்டில் கட்டிலாகவே இருக்க, மெத்தை மட்டும் வருஷத்துக்கு வருஷம் கனத்துக்கொண்டு போகிறது. இன்றைக்கு எட்டு அங்குலத்துக்குக் குறைந்தால் மெத்தையே இல்லை என்கிறார்கள். ஸ்டூல் மட்டும் அப்பா காலத்து ஸ்டூல்.

அளக்கும்போது டேப்பைத் தரையில் ஊன்றி மெத்தையின் மேல்வரைக்கும் ஒரே இழுப்பாக அளந்துவிடுங்கள். கட்டில் இத்தனை, மெத்தை இத்தனை என்று கூட்டிப் பார்க்காதீர்கள், தப்பாக வரும். பெட்டிக் கட்டிலில் பலகை சட்டத்துக்குள்ளே இறங்கி உட்கார்ந்திருக்கும். ஆறு அங்குல மெத்தையில் ஒன்றரை அங்குலம் சட்டத்துக்குள் போய்விடும். விரிப்பு, மேல் மெத்தை என்று என்னென்ன போட்டுப் படுப்பீர்களோ எல்லாவற்றையும் போட்டுவிட்டு அளக்க வேண்டும்.

இலவம் பஞ்சுக்குத் தனியாக ஒன்று சொல்ல வேண்டும். புதிதாக அடைத்த பஞ்சு மெத்தை ஐந்து அங்குலம் இருக்கும். படுக்கப் படுக்க அமுங்கி மூன்றுக்கு வந்து நிற்கும். வெயிலில் போட்டு எடுத்தால் கொஞ்சம் உப்பும், நாலு ராத்திரியில் மறுபடி பழையபடிதான். அதனால் புது மெத்தைக்கு மேசை செய்கிறவர்கள் அவசரப்படக் கூடாது. மெத்தை தன் உயரத்துக்கு இறங்கட்டும். ஃபோம், ஸ்பிரிங், தென்னைநார் மெத்தைக்கெல்லாம் இந்தக் காத்திருப்பு தேவையில்லை.

அம்மா கதைக்கு வருகிறேன். அம்மாவுக்கு எண்பதை ஒட்டி வயது. நாலே முக்கால் அடிதான் உயரம். பதினைந்து அங்குலப் பழைய வேப்பமரக் கட்டில், அதில் அமுங்கிப்போன மூன்று அங்குலப் பஞ்சு மெத்தை, பக்கத்தில் பதினெட்டு அங்குல ஸ்டூல். கூட்டிப் பாருங்கள், மெத்தையும் ஸ்டூலும் கச்சிதமாகச் சமம். யாரும் அளந்து செய்ததில்லை, அப்படி அமைந்துவிட்டது. போன வருஷம் பெங்களூரில் இருக்கிற தம்பி, அம்மாவுக்கு முதுகு வலிக்கிறதே என்று எட்டு அங்குல ஸ்பிரிங் மெத்தை ஒன்றை வரவழைத்துக் கொடுத்தான். மெத்தைக் கடைக்காரன் வீட்டுக்கு ஆன்லைனில் மெத்தை வருகிறது. அந்த வருத்தம் எனக்குத் தனி, அதை விடுங்கள்.

படுக்கை 23 அங்குலத்துக்குப் போய்விட்டது. ஸ்டூல் ஐந்து அங்குலம் பள்ளத்தில். "எய்யா, சொம்பு கெணத்துக்குள்ள கெடக்கு" என்றாள் அம்மா. என் மனைவி ஸ்டூல் கால்களுக்கு அடியில் மரக்கட்டைகளை வைத்துப் பார்த்தாள். அதை நான் அன்றைக்கே எடுத்துவிட்டேன். ஒட்டாத, ஆணி அடிக்காத கட்டையின் மேல் நிற்கிற ஸ்டூலைக் கட்டிலிலிருந்து இறங்குகிற வயதானவர் பக்கத்தில் வைக்கவே கூடாது. இறங்கும்போது அவர்கள் கை தானாக அதில்தான் ஊன்றும்.

உயரமான மேசை ஒன்று செய்யச் சொல்லலாம் என்று ஆசாரி அண்ணனைக் கூப்பிட்டேன். அவர் டேப்பை எடுக்கவில்லை. அம்மாவைக் கட்டில் ஓரத்தில் உட்காரச் சொல்லி, குனிந்து காலைப் பார்த்தார். "அண்ணாச்சி, ஆச்சிக்குப் பாதம் தரையில படியலையே. மேசையை ஒசத்தி என்ன செய்ய? மொதல்ல மெத்தைய எறக்கணும்லா" என்றார். மெத்தை வியாபாரி வீட்டில் வந்து மர ஆசாரி மெத்தையைப் பற்றிப் பேசினால் பதில் சொல்ல முடியுமா? அவர் சொன்னது சரி. உட்கார்ந்தால் இரண்டு பாதமும் தரையில் முழுசாகப் படிய வேண்டும், அப்போதுதான் ஊன்றி எழுந்திருக்க முடியும். முதலில் ஆளுக்குக் கட்டில், பிறகு கட்டிலுக்கு மேசை. ஸ்பிரிங் மெத்தை மாடிக்குப் போனது, தம்பி வந்தால் படுத்துக்கொள்வான். அம்மாவுக்கு நம் கடையிலிருந்தே நாலு அங்குலத் தென்னைநார் மெத்தை. படுக்கை இப்போது 19 அங்குலம், மேசை 20.

பழைய ஸ்டூலையே வைத்துக்கொண்டிருக்கலாமே, ஒரு அங்குலம்தானே குறைகிறது என்று கேட்கலாம். வைத்துக்கொண்டிருக்கலாம்தான். ஆனால் அதன் பலகை சின்னது. அம்மாவின் தலைமாட்டில் இருப்பவை: சொம்பு, மூடி போட்ட டம்ளர், மாத்திரை டப்பா, கண் சொட்டு மருந்து, கோடாலித் தைலம், விபூதி மடல், டார்ச், பட்டன் போன், திருநெல்வேலி வானொலி மட்டும் எடுக்கிற ஒரு ரேடியோ. ரேடியோ மற்ற நிலையங்களையும் எடுக்கும், அம்மா முள்ளை நகர்த்த விடமாட்டாள்.

மேசைக் கால் விஷயத்தில் மட்டும் எனக்கும் ஆசாரி அண்ணனுக்கும் கொஞ்சம் பேச்சு வந்தது. அம்பாசமுத்திரம் மரச் சொப்புக்குப் பேர் போன ஊர். மரத்தைச் சுழலவிட்டு உருட்டிச் செதுக்குகிற கடைசல் வேலை பார்க்கிறவர்கள் இருக்கிற ஊரில் மேசைக்குக் கடைசல் கால் வைக்காவிட்டால் எப்படி என்பது என் ஆசை. ஆசாரி அண்ணன் வேண்டாம் என்றார். சதுரக் காலாக இருந்தால் நாளைக்கு மெத்தை மாறினாலும் அடியில் ஒரு அங்குலம் அறுத்துவிடலாம். கடைசல் காலுக்கு அடியில் குமிழ் இருக்கும், அதை அறுத்தால் கால் மூளியாகிவிடும். கடைசல் கால் வேண்டும் என்கிறவர்கள் உயரத்தை முடிவு பண்ணிய பிறகுதான் மரத்தைக் கடைசலுக்குக் கொடுக்க வேண்டும். நாங்கள் சதுரக் காலுக்கே போனோம்.

அறுக்கிற முறையையும் சொல்லிவிடுகிறேன், வீட்டில் பழைய மேசையைக் குறைக்க நினைக்கிறவர்களுக்கு உதவும். மேலேயிருந்து அளந்து நாலு காலிலும் கோடு போட்டால் மேசை ஆடக்கூடும். சமதரையில் மேசையை நிறுத்தி, எவ்வளவு குறைக்க வேண்டுமோ அந்தக் கனத்தில் ஒரு கட்டையைத் தரையோடு வைத்து, அதன் மேல் பென்சிலைப் படுக்கவைத்து நாலு காலையும் சுற்றிக் கோடு இழுக்க வேண்டும். பென்சிலின் கனத்தில் பாதியைக் கட்டையில் குறைத்துக்கொள்ளுங்கள். பழைய காரைத் தரை வீட்டில் எங்கே வைத்தாலும் நாலுகால் ஆடத்தான் செய்யும். முக்காலி ஆடாது, மூன்று கால் எந்தத் தரையிலும் படிந்துவிடும். ஆனால் ஓரத்தில் கை ஊன்றினால் முக்காலி கவிழும். வயதானவர்கள் பக்கத்தில் அது வேண்டாம். நாலுகால் மேசையில் ஆடுகிற காலுக்கு ரப்பர் புஷ் மாட்டினால் போதும். சக்கரம் மட்டும் மாட்டவே மாட்டாதீர்கள்.

இன்னும் இரண்டு சங்கதி. ஒன்று, கொசுவலை. ஆற்றங்கரை ஊரில் வலை இல்லாமல் படுக்க முடியாது. மேசை மெத்தைக்குச் சமமாக இருந்தால், வலையைக் கொஞ்சம் தூக்கிக் கையை நேராக வெளியே நீட்டினால் போதும். மேசை உயரமாக இருந்தால் வலையும் அவ்வளவு உயரம் தூக்க வேண்டும், கை போகிற வழியில் கொசு வந்துவிடும். வலையையும் விரிப்பையும் செருகுவதற்குக் கட்டிலுக்கும் மேசைக்கும் நடுவே இரண்டு விரல் இடைவெளி விடுங்கள். இரண்டாவது, பிளக் பாயிண்ட். இப்போது கட்டுகிற வீடுகளில் கட்டிலோரத்துக்கு என்று இரண்டு அடி உயரத்தில் சுவிட்ச் போர்டு வைக்கிறார்கள். 26 அங்குல மேசையைக் கொண்டுவந்து வைத்தால் போர்டு அதன் முதுகுக்குப் பின்னால் ஒளிந்துகொள்ளும். வீடு கட்டும்போதே எலக்ட்ரீசியனிடம் மெத்தையின் உயரத்தைச் சொல்லிவிடுவது நல்லது. யாரும் சொல்வதில்லை.

படுத்தபடி எடுக்கிறவர்களைப் பற்றியே இவ்வளவு நேரமும் சொன்னேன். எழுந்து உட்கார்ந்துதான் எதையும் எடுப்பேன், உட்கார்ந்துதான் படிப்பேன் என்கிறவர்களுக்கு நாலு அங்குலம் வரை கூடுதலாக இருந்தாலும் சௌகரியம்தான். உட்காரும்போது முழங்கை மேலே வந்துவிடுகிறதல்லவா? மேசை விளக்கு வைத்துப் படிக்கிறவர்கள் மேசையை மட்டும் தனியாக அளந்தால் போதாது. விளக்கு மூடியின் கீழ்விளிம்பு, சாய்ந்து உட்கார்ந்திருக்கும்போது கண்மட்டத்தை ஒட்டி இருக்க வேண்டும். அதற்கு மேலே போனால் பல்பு நேராகக் கண்ணில் அடிக்கும். மேசையை மெத்தைக்குப் பொருத்திவிட்டு, மிச்ச உயரத்தை விளக்கில் பார்த்துக்கொள்ளுங்கள். மேசையைவிட விளக்கை மாற்றுவது சுலபம்.

அம்மாவின் மேசைக்கு, மாத்திரை உருண்டு விழாமல் இருக்க ஆசாரி அண்ணன் பலகையைச் சுற்றி அரை அங்குலத்துக்குப் பட்டி அடித்துக் கொடுத்திருக்கிறார். எனக்குப் பிடித்திருக்கிறது. அம்மாவுக்கு ஆகவில்லை. துடைத்தால் விபூதியெல்லாம் மூலையில் போய் அடைகிறது, கட்டில் பக்கத்துப் பட்டியையாவது எடுக்கச் சொல்லு என்கிறாள். எடுத்தால் மாத்திரை அந்தப் பக்கமாகத்தானே உருளும் என்றால், உருண்டால் மெத்தையில்தானே விழும், சமமாகத்தானே செஞ்சிருக்க என்கிறாள். மேசை ஒரு அங்குலம் கூடுதல், நடுவில் இரண்டு விரல் இடைவெளி வேறு இருக்கிறது என்று சொல்லிப் பார்த்தேன், கேட்கவில்லை. ஆசாரி அண்ணன் வெள்ளிக்கிழமை வருகிறேன் என்றிருக்கிறார்.