ஒரு ஃபிரேமுக்கு 16.7 மில்லிசெகண்ட்: எமுலேட்டர் நாட்குறிப்பு

2025 ஏப்ரல் 12, சனி. கிருஷ்ணகிரி

பிளேஸ்டேஷன் 2 விளையாட்டுகளைக் கணினியில் ஓட்டும் பிசிஎஸ்எக்ஸ்2 என்ற எமுலேட்டரில் பிராசஸர் தொடர்பான அமைப்புகளை ஒவ்வொன்றாக மாற்றிப் பார்த்து, எது உண்மையில் பயன் தருகிறது, எது வெறும் பேச்சு என்பதைத் தேதிவாரியாக இங்கே எழுதப் போகிறேன். என்னிடம் இருப்பது இன்டெல் கோர் ஐ5 8250யு பிராசஸர் கொண்ட பழைய லேப்டாப். தனி கிராபிக்ஸ் கார்டு கிடையாது. நான்கு கோர்கள், எட்டு த்ரெட்கள், அடிப்படை வேகம் 1.6 கிகாஹெர்ட்ஸ், சிறிது நேரம் வேகத்தைக் கூட்டிக்கொள்ளும் டர்போவில் 3.4 கிகாஹெர்ட்ஸ். விளையாட்டுத் தட்டுகள் சொந்தத் தட்டுகள். பெட்டியைத் தொடக்கி வைக்கும் பயோஸ் கோப்பும் சொந்த பிளேஸ்டேஷன் 2 பெட்டியிலிருந்து எடுத்ததே.

2000 மார்ச்சில் ஜப்பானில் வெளிவந்த அந்தப் பெட்டியின் மைய பிராசஸரான எமோஷன் என்ஜினின் வேகம் 294.912 மெகாஹெர்ட்ஸ்தான். அதைவிடப் பத்து மடங்குக்கு மேல் வேகமுள்ள லேப்டாப் ஏன் திணறுகிறது என்று எல்லோரும் கேட்கிறார்கள். அந்தப் பெட்டிக்குள் இருப்பது ஒரே பிராசஸர் அல்ல என்பதுதான் பதில். எமோஷன் என்ஜினுக்குள்ளேயே விய0, விய1 என்ற இரண்டு வெக்டர் யூனிட்கள் இருக்கின்றன, வெளியே 147.456 மெகாஹெர்ட்ஸில் ஓடும் கிராபிக்ஸ் சிப் இருக்கிறது. உள்ளீடு வெளியீட்டுக்கென்று முதல் பிளேஸ்டேஷனின் பிராசஸரே 36.864 மெகாஹெர்ட்ஸில் உட்கார்ந்திருக்கிறது; ஒலிக்கு வேறு சிப். இவை அனைத்தும் ஒரே நேரத்தில் ஓடுவதாக நம்பித்தான் விளையாட்டு எழுதப்பட்டிருக்கிறது. எமுலேட்டர் இந்த பிராசஸர்களின் மிப்ஸ் வகைக் கட்டளைகளை நம் கணினிக்குப் புரியும் எக்ஸ்86 கட்டளைகளாக மாற்றி, ஒன்றுக்கொன்று நேரம் தவறாமல் ஓட்டவும் வேண்டும். நொடிக்கு 59.94 ஃபிரேம், அதாவது 59.94 திரைப் படங்கள், என்றால் ஒரு ஃபிரேமுக்குக் கிடைப்பது 16.7 மில்லிசெகண்ட், அதற்குள் எமோஷன் என்ஜினின் ஏறத்தாழ 49 லட்சம் சுழற்சிகளை நடத்தி முடித்தாக வேண்டும்.

2025 ஏப்ரல் 13, ஞாயிறு

அமைப்புகளில் கை வைப்பதற்கு முன் திரை மூலையில் வரும் எண்களை இயக்கிக்கொள்வது முதல் வேலை. வேகம் எத்தனை சதவீதம் என்பதோடு, இஇ (எமோஷன் என்ஜின்), ஜிஎஸ் (கிராபிக்ஸ் சிப்), விய (வெக்டர் யூனிட்) என்று தனித்தனியாக ஒவ்வொரு த்ரெட்டின், அதாவது தனியாக ஓடும் ஒவ்வொரு வேலையின், சுமையையும் எமுலேட்டரே காட்டுகிறது. வேகம் 100க்குக் கீழே இறங்கும் நேரத்தில் இந்த மூன்றில் எது நூறைத் தொட்டு நிற்கிறது என்று பார்த்தால் போதும். ஜிஎஸ் நிறைந்திருந்தால் குறை கிராபிக்ஸ் பக்கம் இருக்கிறது. அப்போது பிராசஸர் அமைப்புகளை எவ்வளவு திருகினாலும் ஒன்றும் நடக்காது. இதைப் பார்க்காமல் யாரோ காணொளியில் சொன்ன "சிறந்த அமைப்பு" என்பதை அப்படியே வைத்துக்கொள்பவர்களை நினைத்தால் எரிச்சல்தான் வருகிறது.

இன்னொரு நுணுக்கம். விபிஎஸ், எஃப்பிஎஸ் என்று இரண்டு எண்கள் இருக்கின்றன. விபிஎஸ் என்பது எமுலேட்டர் உருவாக்கும் கற்பனைப் பெட்டி நொடிக்கு எத்தனை முறை தொலைக்காட்சித் திரையைப் புதுப்பிக்கிறது என்பது. எஃப்பிஎஸ் என்பது விளையாட்டு உள்ளுக்குள் உண்மையில் எத்தனை புதிய படங்களை வரைகிறது என்பது. விபிஎஸ் முழுதாக இருந்தும் எஃப்பிஎஸ் 20இல் இருக்கலாம். அந்த நிலையில் எமுலேட்டர் தன் வேலையைச் சரியாகவே செய்கிறது. விளையாட்டே அந்தக் காலத்துப் பெட்டியில் அப்படித்தான் ஓடியது.

மாலையில் அக்கா மகன் வந்திருந்தான். 2009இல் வெளிவந்த, கபடியும் கிட்டிப்புள்ளும் உள்ள 'தேசி அட்டா' தட்டைப் போட்டுவிட்டு, "மாமா, 50க்கு மேல ஏறவே மாட்டேங்குது, உங்க லேப்டாப் அவ்வளவுதான்" என்றான். அந்தத் தட்டு பால் என்ற தொலைக்காட்சி முறையில் வந்தது. பால் முறையில் நொடிக்கு 50 என்பதே முழு வேகம். பக்கத்திலேயே வேகம் 100 சதவீதம் என்று தெரிந்துகொண்டிருந்தது.

2025 ஏப்ரல் 14, திங்கள். தமிழ்ப் புத்தாண்டு

விடுமுறை என்பதால் காலையிலிருந்தே இஇ சைக்கிள் ரேட் என்ற அமைப்போடு உட்கார்ந்தேன். இதைப் போலத் தவறாகப் புரிந்துகொள்ளப்படும் அமைப்பு வேறு இல்லை. 50, 60, 75, 100, 130, 180, 300 சதவீதம் என்று நிலைகள் உள்ளன. அக்கா மகனைப் போலவே பலரும் இது நம் கணினியை ஓவர்கிளாக் செய்கிறது, அதாவது அதன் பிராசஸரை வழக்கத்தைவிட வேகமாக ஓட்டுகிறது, என்று நினைக்கிறார்கள். உண்மையில் மாறுவது கற்பனைப் பெட்டிக்குள் இருக்கும் எமோஷன் என்ஜினின் வேகம். 180 என்று வைத்தால் அதே 16.7 மில்லிசெகண்டில் 49 லட்சத்துக்குப் பதிலாக 88 லட்சம் சுழற்சிகள் நடந்ததாக விளையாட்டு நம்ப வேண்டும். அதற்கான கூடுதல் உழைப்பு நம் லேப்டாப்பின் தலையில் விழுகிறது. ஆகவே ஏற்கெனவே திணறும் கணினியில் இதை ஏற்றினால் வேகம் குறையுமே தவிர அதிகரிக்காது.

பிறகு யாருக்கு இது பயன்படும்? 2005இல் வந்த 'ஷேடோ ஆஃப் த கொலோசஸ்' போன்ற விளையாட்டுகளுக்கு. அசல் பெட்டியின் திறனை மீறி எழுதப்பட்ட விளையாட்டு அது. பெரிய உருவங்கள் நகரும் காட்சிகளில் அசல் பெட்டியிலேயே ஃபிரேம் வீதம் தடுமாறியது. இங்கே 130 என்று வைத்தவுடன் விபிஎஸ் அசையாமல் நிற்க, உள்ளே எஃப்பிஎஸ் தெளிவாகக் கூடியது. குதிரை ஓடும்போது இருந்த இழுவை குறைந்தது. 180இல் படம் இன்னும் வழவழப்பாகத் தொடங்கியது என்றாலும், இஇ த்ரெட் நூறைத் தொட்டு, வேகம் எண்பதுகளுக்கு இறங்கி, ஒலி உடைய ஆரம்பித்தது. "180ல வெச்சா பறக்கும்னு சொன்னாங்களே மாமா" என்றான் அக்கா மகன். பறக்கும், அவனுடைய மேசைக் கணினியைப் போன்ற ஒன்றில்.

100க்குக் கீழே இறக்குவது இதற்கு நேர் எதிர். லேப்டாப்பின் சுமை குறையும். ஆனால் விளையாட்டு, தன்னுடைய பிராசஸர் மெதுவானது என்று நம்பி, தானே ஃபிரேம்களை விட்டுவிடும். வேகம் 100 என்று பெருமையாகக் காட்டும், கண்ணுக்கு மட்டும் இழுக்கும். எளிமையான விளையாட்டுகளில் 75 வரை வித்தியாசம் தெரியாமல் போகலாம். அதற்குக் கீழே எனக்கு உடன்பாடில்லை.

2025 ஏப்ரல் 20, ஞாயிறு

எம்டிவியு. என் லேப்டாப்பில் உண்மையான பலன் தந்த ஒரே பிராசஸர் அமைப்பு இதுதான் என்று தயக்கமின்றி எழுதுவேன். முப்பரிமாண உருவங்களின் கணக்குகளைச் செய்யும் விய1ஐ இஇ த்ரெட்டிலிருந்து பிரித்துத் தனி த்ரெட்டில் ஓட்டுகிறது. ஜிஎஸ் ஏற்கெனவே தனி த்ரெட்டில்தான் ஓடுகிறது. ஆகக் கனமான த்ரெட்கள் மூன்று. நான்கு கோர்களோ அதற்கு மேலோ உள்ள கணினிகளில் பொதுவாக வேகம் கூடும்; இரண்டு கோர்கள் மட்டும் உள்ள பழைய கணினியில் மூன்று பேரும் இடத்துக்கு அடித்துக்கொள்வார்கள். இதே காரணத்தால் எட்டு கோர், பன்னிரண்டு கோர் என்று பணம் கொட்டி வாங்குவதாலும் பெரிய லாபமில்லை; ஒரே கோர் எவ்வளவு வேகமாக ஓடுகிறது என்பதே இங்கே தீர்மானிக்கிறது. படத்தை பிராசஸரைக் கொண்டே வரையும் மென்பொருள் ரெண்டரரைப் பயன்படுத்துபவர்களுக்கு மட்டும் கூடுதல் கோர்கள் உதவும்.

எம்டிவியுவை இயக்கியதும் நேற்று வரை 95க்கு மேல் நின்ற இஇ சுமை எழுபதுகளுக்கு வந்தது. விய என்று புதிய வரி திரையில் தோன்றி, அந்தச் சுமையைத் தன்னிடம் காட்டியது. விய1இன் முடிவுக்கு உடனடியாகக் காத்திருக்கும்படி எழுதப்பட்ட சில விளையாட்டுகள் இதனால் உறைந்து நின்றுவிடும். அப்படி நின்றால் அந்த ஒரு விளையாட்டுக்கு மட்டும் அணைத்துவிடலாம்.

இன்ஸ்டன்ட் விய1 என்பதும் பெரும்பாலான விளையாட்டுகளில் ஓரளவு வேகம் தரக்கூடியது. அதை இயல்பாக இருந்தபடியே விட்டுவிட்டேன்.

2025 ஏப்ரல் 27, ஞாயிறு

இன்று தொட வேண்டாதவற்றைப் பற்றி. இஇ சைக்கிள் ஸ்கிப்: மிகச் சில விளையாட்டுகளுக்கே உதவும், மற்றவற்றில் எண்ணை மட்டும் ஏற்றிக் காட்டி, படத்தை வெட்டி வெட்டிக் கொடுக்கும். இன்டர்பிரட்டர்: பிழை தேடுபவர்களுக்கானது. ரீகம்பைலர் ஒரு துண்டுக் கட்டளையை ஒருமுறை மொழிமாற்றி வைத்துக்கொண்டு மீண்டும் மீண்டும் பயன்படுத்துகிறது. இன்டர்பிரட்டர் ஒவ்வொரு முறையும் புதிதாகப் படிக்கிறது. வேகம் பாதாளத்துக்குப் போய்விடும்.

எண்களை முழுமையாக்கும் ரவுண்டிங், எல்லைக்குள் நிறுத்தும் கிளாம்பிங் ஆகிய இரண்டும் சற்று சுவையானவை. பிளேஸ்டேஷன் 2இன் தசமக் கணக்கு நம் கணினிகள் பின்பற்றும் ஐஇஇஇ 754 தரத்தை முழுமையாகப் பின்பற்றுவதில்லை. அதற்கு முடிவிலி என்ற எண்ணே கிடையாது. மிகப் பெரிய எண் வந்தால் மிகப் பெரிய எண்ணாகவே நிற்கும். நம் பிராசஸரிலோ அது முடிவிலியாக மாறி, அடுத்தடுத்த கணக்குகளைக் கெடுத்து, பாத்திரத்தின் கை கால்கள் திரை முழுவதும் இழுபடும். அதைத் தடுக்கத்தான் கிளாம்பிங். அதை முற்றிலும் அணைத்தால் கொஞ்சம் வேகம் மிச்சமாகும் என்பது உண்மை. ஆனால் எந்த விளையாட்டுக்கு எந்த அளவு தேவை என்ற தரவுப் பட்டியல் எமுலேட்டரோடு சேர்ந்தே வருகிறது, தானாகவே பொருத்திக்கொள்கிறது. பல ஆண்டுகள் பலர் சோதித்துச் சேர்த்த பட்டியலை மீறும் அளவுக்கு எனக்கு அறிவு போதாது.

2025 மே 1, வியாழன்

எமுலேட்டருக்குள் செய்ய வேண்டியது முடிந்த பிறகும் ஒரு சிக்கல் மிச்சமிருந்தது. விளையாட்டு தொடங்கிய சிறிது நேரம் முழு வேகம். அதன் பிறகு இஇ சுமை தானாக ஏறி, வேகம் 90க்கு நழுவும். சேலத்திலிருந்து வரும் சரக்கு லாரி தொப்பூர் கணவாயில் ஏறுவது போல, முதலில் உறுமிக்கொண்டு வந்து பிறகு ஊர்ந்தது. பிராசஸரின் வேகத்தையும் வெப்பத்தையும் காட்டும் மென்பொருளைப் பக்கத்தில் திறந்து வைத்துப் பார்த்தபோது, டர்போ வேகம் 3 கிகாஹெர்ட்ஸுக்கு மேலிருந்து 2.4க்குக் கீழே விழுந்துகொண்டிருந்தது.

இந்த பிராசஸர் நீடித்து உண்ணக்கூடிய மின்சாரம் 15 வாட். சிறிது நேரம் மட்டும் அதை மீறி ஓடும். அந்த 15 வாட்டையும் பிராசஸர் கோர்களும் உள்ளேயே இருக்கும் கிராபிக்ஸும் பங்கு போட்டுக்கொள்கின்றன. எமுலேட்டர் உள்ளே வரையும் படத்தின் தெளிவுத்திறனை நான் மூன்று மடங்காக வைத்திருந்தேன். கிராபிக்ஸ் தன் பங்கை அதிகமாக எடுக்க, கோர்களுக்கு மிஞ்சியது குறைவு. அதாவது கிராபிக்ஸ் அமைப்பு ஒன்றே பிராசஸர் அமைப்பாகவும் வேலை செய்கிறது. தெளிவுத்திறனை அசல் அளவுக்கு இறக்கியதும், கோர்கள் 2.9ஐ ஒட்டி நிலைத்தன. படம் சற்றே மங்கல்தான். எனக்குப் பரவாயில்லை, பழைய குழாய்த் தொலைக்காட்சியில் பார்த்ததைவிட இது கூர்மைதான்.

விண்டோஸ் பவர் அமைப்பில் அதிகபட்ச பிராசஸர் நிலையை 99 சதவீதமாக்கினால் சூடு குறையும் என்று ஒரு யோசனை சுற்றிக்கொண்டிருக்கிறது. சூடு குறைவது உண்மை, ஏனென்றால் டர்போவே நின்றுவிடுகிறது; 1.6 கிகாஹெர்ட்ஸில் இந்த எமுலேட்டர் ஓடாது. மதியம் மின்வெட்டு வந்து லேப்டாப் பேட்டரிக்கு மாறியபோதும் இதே கதை. இன்வெர்ட்டர் இணைப்பில் சார்ஜரைச் செருகியதும் வேகம் திரும்பியது.

2025 மே 11, ஞாயிறு

அக்னி நட்சத்திரம் நடக்கிறது. பெங்களூரு சாலையில் உள்ள ஒரு கடையில் விசிறியின் தூசியை எடுத்து, வெப்பப் பசையை மாற்றிக் கொண்டு வந்தேன். பசை காய்ந்து பொடியாகியிருந்தது. முன்பு 95 டிகிரியைத் தொட்டுக்கொண்டிருந்த பிராசஸர் இப்போது மதிய வெயிலில்கூட 80களிலேயே நிற்கிறது.

அதன் பிறகு கொலோசஸ் விளையாட்டை மீண்டும் சோதித்தேன். சைக்கிள் ரேட் 130, எம்டிவியு இயக்கம், அசல் தெளிவுத்திறன்: ஒரு மணி நேரம் ஓடியும் விபிஎஸ் இறங்கவில்லை. 180 இப்போதும் முடியவில்லை. அது இந்த பிராசஸரின் எல்லை. சைக்கிள் ரேட்டைப் பொது அமைப்பில் 100ஆகவே விட்டு, விளையாட்டுப் பட்டியலில் அந்தப் பெயரை வலச்சொடுக்கி வரும் தனி அமைப்பில் மட்டும் 130 கொடுத்திருக்கிறேன். எம்டிவியு மட்டும் எல்லா விளையாட்டுகளுக்கும் பொதுவாக இயக்கத்தில் இருக்கிறது.

மருமகன் என் அமைப்புக் கோப்புறையை அப்படியே பென்டிரைவில் கேட்டான். கொடுக்கவில்லை. அவனுடைய கணினியில் தனி கிராபிக்ஸ் கார்டு இருக்கிறது, 65 வாட் பிராசஸர் இருக்கிறது. அங்கே தெளிவுத்திறனை இறக்க எந்தக் காரணமும் இல்லை, கொலோசஸுக்கு 180ஐயே முயன்று பார்க்கலாம். "முதல்ல அந்த மூணு நம்பரையும் ஆன் பண்ணி ஒரு சண்டைக் காட்சி ஓட்டிட்டு, எது நூறுல நிக்குதுன்னு சொல்லு" என்று அனுப்பி வைத்தேன். இரவு பத்து மணிக்குச் செய்தி வந்தது: 180இல் இஇ 64, விய 40, ஜிஎஸ் 31.