ஃபார்ம்பி: 121 அடித்தவர் ஆடிய மணல்மேடு

லிவர்பூல் சென்ட்ரலில் சவுத்போர்ட் ரயிலைப் பிடித்தால் அரை மணி நேரத்தில் ஃபிரெஷ்ஃபீல்ட் வந்துவிடும். ஸ்டேஷனை ஒட்டியே ஃபார்ம்பி கோல்ஃப் கிளப். உறுப்பினராக இல்லாவிட்டாலும் மைதானத்தைப் பார்க்க வழி இருக்கிறது. தண்டவாளத்தை ஒட்டி வடக்கே நடந்தால் ஃபிஷர்மென்ஸ் பாத் என்ற பொதுப்பாதை வரும். அது தண்டவாளத்தைக் கடந்து, மைதானத்தின் குறுக்கே போய், பைன் மரங்களையும் மணல்மேடுகளையும் தாண்டிக் கடற்கரையில் இறங்குகிறது. தண்டவாளத்தின் பக்கத்தில் ஓடும் மூன்றாவது கம்பியில் மின்சாரம் பாய்கிறது, அதை மிதிக்கக் கூடாது. யாராவது பந்தை அடிக்கத் தயாராக நின்றால் அவர் அடித்து முடிக்கும்வரை நாமும் நின்றுவிட வேண்டும்.

1976-ல் பிரிட்டிஷ் ஓப்பன் என்ற பெரிய கோல்ஃப் போட்டிக்கான தகுதிச் சுற்றில் மாரிஸ் ஃபிளிட்கிராஃப்ட் ஆடியது இங்கேதான். பாரோ என்ற ஊரின் கப்பல் கட்டும் தளத்தில் கிரேன் ஓட்டியவர். அதற்குமுன் ஒரு முழு ஆட்டம்கூட ஆடியதில்லை. தபாலில் வரவழைத்த மட்டைகள், நூலகப் புத்தகம், கடற்கரை மணலில் பயிற்சி, அவ்வளவுதான். அப்போது அமெச்சூர் என்றால் ஹேண்டிகேப் சான்றிதழ், அதாவது ஆட்டத்திறனைக் காட்டும் எண்ணுக்கான சான்று, கேட்டார்கள். தொழில்முறை ஆட்டக்காரருக்கு அது தேவைப்படவில்லை. படிவத்தில் தொழில்முறை ஆட்டக்காரர் என்றே குறித்துவிட்டார்.

படிவத்தில் ஏமாற்றலாம், முதல் அடியில் முடியாது. மட்டையை நேராகத் தூக்கி நேராகவே இறக்கினார், பந்து நாலடி தூரம் போனது என்பது அவருடன் ஆடியவர் சொன்னது. மட்டை செங்குத்தாக இறங்கினால் ஒன்று பந்துக்கு முன்னாலேயே தரையில் புதையும், இல்லை பந்தின் தலையைத் தட்டும். இரண்டிலும் பந்து மேலே எழும்பாது. தோளைத் திருப்பி, பின்னாலிருந்து வளைவாகத் தாழ்த்திக் கொண்டுவர வேண்டும். அதோடு கோல்ஃப் போட்டியில் நம் கணக்கைக் குறிப்பவர் நம்முடன் ஆடுபவர்தான், மறைக்க முடியாது.

கோல்ஃபில் எத்தனை குறைவாக அடிக்கிறோமோ அத்தனை நல்லது. 72 தடவை அடித்து முடிய வேண்டிய ஆட்டம் 121-ல் முடிந்தது, 49 அதிகம். பாதியில் விட்டுப் போகாமல் 18 குழிகளையும் முடித்தார் பாருங்கள், அதற்காகவே அவரை மோசடிக்காரர் என்று மட்டும் சொல்லிவிட மனம் வரவில்லை. கூட ஆடியவர்களுக்கு நுழைவுக் கட்டணம் திருப்பித் தரப்பட்டது. அவருக்குத் தடை வந்தது. 1983-ல் ஜெரால்ட் ஹாப்பி என்ற சுவிஸ் ஆட்டக்காரராகப் பிளெசிங்டன் மைதானத்தில் மறுபடியும் தகுதிச் சுற்றில் நுழைந்தவர், ஒன்பது குழிகளுக்கு 63 அடித்த நிலையில் பிடிபட்டார்.

1976-ல் முக்கியப் போட்டி நடந்த, அவர் எட்டாமல்போன ராயல் பர்க்டேல் மைதானமும் பக்கத்தில்தான், அதே ரயிலில் ஹில்சைடில் இறங்கலாம். அந்த ஆண்டுக் கோப்பையை அங்கே ஜானி மில்லர் வென்றார்.