திண்ணைச் சுவரில் ஒரு கறை

ஆச்சி சொன்னது ஒரே வரிதான். "அவுக தலை இவ்வளவு உசரத்துக்கு எட்டாதேய்யா."

"ஷாட்டுக்கு இங்கதான் வேணும் ஆச்சி" என்றேன்.

தாமிரபரணிக் கரையில் அந்த வீட்டை நான் பிடித்ததே திண்ணைச் சுவருக்காகத்தான். எண்ணெய்த் தலை வருஷக்கணக்காகச் சாய்ந்து சாய்ந்து தேங்காய் அளவுக்கு ஒரு கறை. நடுவில் கறுப்பு, ஓரத்தில் தேன் நிறம். பதினைந்து நாள் கழித்து ஆட்களோடு போய் இறங்கினால் வீடு முழுக்கப் புதுச் சுண்ணாம்பு. சினிமாவில் வரப்போகிற வீடாயிற்றே என்று ஆச்சியே அடித்து வைத்திருந்தார். எதையும் தொடாதீர்கள் என்று நான் சொல்லியிருக்க வேண்டும். சொல்லவில்லை.

சரி, பழசாக்குவதுதானே எங்கள் வேலை. டீ டிகாக்‌ஷன், அடுப்புக் கரி, காவிப்பொடி, கடைசியாகத் தேங்காய் எண்ணெய் தொட்ட துணி. அரை நாளில் சுவர் பழையபடி ஆனது. கறையை மட்டும் நடிகரின் தலை போய்ப் படுகிற இடத்தில் வைத்தேன், 32 அங்குலத்தில். அதில் தப்பில்லை என்றுதான் இன்றும் நினைக்கிறேன். படத்தில் அது அந்தக் கதாபாத்திரத்தின் வீடு.

1987-இல் வந்த 'நாயகன்' படத்துக்காகத் கலை இயக்குநர் தோட்டா தரணி மும்பையின் தாராவியைச் சென்னை வீனஸ் ஸ்டுடியோவில் எழுப்பினார். தேசிய விருதும் வாங்கினார். அந்த மாதிரி வேலையைப் பார்த்துத் தொழிலுக்கு வந்தவன் நான். செட்டில் ஒரு கறை வைத்தால், இது யாருடையது என்று கேட்க ஆள் கிடையாது. ஆச்சி வீட்டில் கேட்க ஆள் இருந்தார். ஆனால் சுண்ணாம்பு அடித்தது நானில்லையே? இப்படிச் சொல்லிக்கொண்டால் கொஞ்ச நேரம் மனசு அடங்குகிறது, அப்புறம் அந்த "எட்டாதேய்யா" திரும்ப வந்துவிடுகிறது.

ஷூட்டிங் முடிந்ததும் பேசியபடி வெள்ளையடித்துக் கொடுத்தோம். திண்ணைப் பக்கம் ஆள் வந்தபோது ஆச்சி எழுந்து உள்ளே போய்விட்டார். இருக்கட்டும் என்றும் சொல்லவில்லை, அழியுங்கள் என்றும் சொல்லவில்லை. நானும் கேட்கவில்லை.

லொகேஷன் பார்க்கப் போன அன்று டேப் பிடித்து எடுத்த போட்டோ என்னிடம் இருக்கிறது. கறை 28 அங்குலத்தில். ஆச்சியின் பேச்சைக் கேட்டபோதே அது எனக்குத் தெரியும். பிரிண்ட் போட்டு உறையில் வைத்து விலாசமும் எழுதிவிட்டேன். தன் கையால் அழித்ததை அந்தப் போட்டோவில் பார்த்தால் ஆச்சிக்கு எப்படி இருக்கும்? உறை இன்னும் மேசையில்தான் கிடக்கிறது.