ஊதியது சரியா என்று முதலில் பாருங்கள்

குழாயில் ஊதவைத்து நுரையீரலின் காற்றோட்டத்தை அளக்கும் ஸ்பைரோமெட்ரி பரிசோதனையின் ரிப்போர்ட் கைக்கு வந்ததும் எல்லோர் கண்ணும் சதவீதக் கட்டத்துக்குத்தான் போகும். பரிசோதனை செய்பவர்கள் முதலில் பார்ப்பது, ஊதும்போது கருவி வரையும் வளைகோடுகளை. இந்தப் பரிசோதனையில் வரும் ஒவ்வொரு எண்ணும் நோயாளி ஊதிய விதத்தைப் பொறுத்தது. ஊதியது பிசகினால், கருவி எவ்வளவு உயர்ந்ததாக இருந்தாலும் ரிப்போர்ட் பொய் சொல்லும்.

நெஞ்சு நிறைய மூச்சை இழுத்து, அடக்கி வைக்காமல் உடனே படாரென்று ஊதி, மிச்சமில்லாமல் வெளியேற்ற வேண்டும். வந்த மொத்தக் காற்று எஃப்.வி.சி. அதில் முதல் வினாடிக்குள் வந்தது எஃப்.ஈ.வி.1. இரண்டாவதை முதலாவதால் வகுத்தால் கிடைக்கும் விகிதம்தான் ரிப்போர்ட்டின் முதுகெலும்பு. விகிதம் குறைந்தால் மூச்சுக்குழாய்களில் அடைப்பு. விகிதம் சரியாக இருந்து எஃப்.வி.சி. மட்டும் குறைந்தால் நுரையீரல் முழுதாக விரியவில்லையோ என்ற சந்தேகம். இது சந்தேகம் மட்டுமே. உறுதி செய்ய நுரையீரலின் மொத்தக் கொள்ளளவை வேறு பரிசோதனையில் அளக்க வேண்டும்.

தவறு எப்படி நுழைகிறது என்பதற்கு ஒரு கணக்கு. ஒருவரின் எஃப்.ஈ.வி.1 1.76 லிட்டர், முழுதாக ஊதினால் எஃப்.வி.சி. 3.20 லிட்டர் என்று வையுங்கள். விகிதம் 0.55, தெளிவான அடைப்பு. அதே ஆள் இரண்டாவது வினாடியிலேயே களைத்து நிறுத்திவிட்டால் எஃப்.வி.சி. 2.40 என்று பதிவாகும். விகிதம் 0.73 ஆகிவிடும். அடைப்பு மறைந்து, விரிவுக் குறை இருப்பதுபோல் ரிப்போர்ட் வரும். மருந்தே தடம் மாறிப் போகலாம். இதனால்தான் பக்கத்தில் நிற்பவர் "இன்னும், இன்னும், விடாதீங்க, ஊதுங்க" என்று குரலை உயர்த்துகிறார். காற்று வருவது நின்றுவிட்டதுபோல் நோயாளிக்குத் தோன்றிய பிறகும் கோடு மெல்ல ஏறிக்கொண்டிருக்கும். கடைசி ஒரு வினாடியில் 25 மில்லிக்கும் குறைவாக வந்தாலோ, ஊதத் தொடங்கி 15 வினாடி ஆனாலோ நிறுத்தலாம்.

தொடக்கத்திலும் கண் வேண்டும். தயங்கித் தயங்கி ஊதினால் வளைகோட்டின் உச்சி கூராக இல்லாமல் மழுங்கியிருக்கும். முதல் வினாடியில் இருமல் வந்தால் அந்த எஃப்.ஈ.வி.1-ஐ எடுக்கக் கூடாது. நாக்கு குழாயின் வாயை மறைப்பது, உதட்டோரம் காற்று கசிவது, மூக்குக் கிளிப் நழுவுவது ஆகியவை அன்றாடம் நடப்பவை. இறுக்கமாகப் பொருந்திய பல்செட்டைக் கழற்ற வேண்டாம். உதடு நன்றாக மூட அது உதவும். ஏற்கத்தக்க மூன்று ஊதல்கள் வேண்டும்; அவற்றில் மிகப்பெரிய இரண்டுக்கும் இடையே 150 மில்லிக்கு மேல் வித்தியாசம் இருக்கக் கூடாது. பெரியவர்களுக்கு எட்டு முயற்சிக்கு மேல் போவதில்லை. தலைசுற்றல் வரும் என்பதால் கைப்பிடி உள்ள, சக்கரம் இல்லாத நாற்காலியில் உட்கார வைப்பது அவசியம்.

கருவியை 3 லிட்டர் சிரிஞ்சால் தினமும் சோதிக்க வேண்டும், அளவு 2.91-க்கும் 3.09-க்கும் இடையில் வர வேண்டும். உயரத்தை நோயாளி சொன்னபடி எழுதிக்கொள்வதை நான் ஏற்பதில்லை. எதிர்பார்ப்பு அளவு, அதாவது ஆரோக்கியமான ஒருவருக்கு இருக்க வேண்டிய சராசரி அளவு, வயது, உயரம், பாலினத்தை வைத்தே கணக்கிடப்படுகிறது. செருப்பைக் கழற்றி அளக்க வேண்டும். முதுகு கூனியவர்களுக்குக் கைகளை இரு பக்கமும் விரித்து நீளத்தை அளந்து அதிலிருந்து கணக்கிடலாம்.

ஊதிய அளவு எதிர்பார்ப்பு அளவில் எத்தனை சதவீதம் என்பதைப் பரீட்சை மார்க்போல் படிப்பதுதான் பெரிய குழப்பம். 80-க்குக் கீழே போனாலே நோய் என்று பலர் பயப்படுகிறார்கள். ஆரோக்கியமானவர்களிடமும் அளவுகள் ஆளுக்கு ஆள் கூடக்குறைய இருக்கும். அதனால் அந்த வயதுக்கும் உயரத்துக்குமான கீழ் எல்லையையும், சராசரியிலிருந்து அளவு எவ்வளவு விலகியிருக்கிறது என்று காட்டும் இசட் மதிப்பு -1.645-க்குக் கீழே இருக்கிறதா என்பதையும் பார்ப்பதே நியாயம். விகிதத்துக்கு எல்லோருக்கும் 0.70 என்ற ஒரே கோடு போட்டால், முதியவர்களில் சிலருக்கு இல்லாத அடைப்பு தெரியும். இளைஞர்களில் சிலருக்கு இருக்கும் அடைப்பு தப்பிவிடும்.

இன்ஹேலர் கொடுத்து மறுபடி ஊதச் சொல்லும் பகுதியிலும் கவனம் தேவை. மூச்சுக்குழாயை விரிக்கும் சால்பியூட்டமால் மருந்தை 400 மைக்ரோகிராம் கொடுத்து 10 முதல் 15 நிமிடம் காத்திருக்கிறோம். மருந்து வேலை செய்தது என்று சொல்ல, பழைய அளவுகோல்படி எஃப்.ஈ.வி.1 அல்லது எஃப்.வி.சி. முன்பிருந்ததைவிட 12 சதவீதமும் 200 மில்லியும் சேர்ந்து கூட வேண்டும். 2021-இல் வந்த அளவுகோல் எதிர்பார்ப்பு அளவில் 10 சதவீதத்துக்கு மேல் கூட வேண்டும் என்கிறது. எதிர்பார்ப்பு 3 லிட்டர் உள்ளவருக்கு எஃப்.ஈ.வி.1 1.50 லிட்டரிலிருந்து 1.75 ஆனால், பழையபடி தேறும், புதியபடி தேறாது. தேறவில்லை என்பதால் அந்த மருந்து பயன்படாது என்று அர்த்தமில்லை. அன்று காலை வீட்டிலேயே இன்ஹேலர் அடித்துவிட்டு வந்தாலும் ஏற்றம் தெரியாது. சால்பியூட்டமாலை 4 முதல் 6 மணி நேரத்துக்கு முன்பே நிறுத்தியிருக்க வேண்டும். நீண்ட நேரம் வேலை செய்யும் மருந்துகளுக்கு ஒரு நாளோ அதற்கு மேலோ ஆகும். எதை எப்போது நிறுத்துவது என்பதை மருத்துவரிடம் கேட்டே செய்ய வேண்டும். மூச்சுத் திணறி, தாங்க முடியாமல் மருந்து எடுத்துக்கொண்டால் குற்றமில்லை. எடுத்த நேரத்தை மட்டும் மறைக்காமல் சொல்லுங்கள்.

ஆஸ்துமா உள்ளவர், தொந்தரவு இல்லாத நாளில் ஊதினால் எல்லா எண்ணும் சரியாகவே வரலாம். அந்த ரிப்போர்ட்டை வைத்து "உங்களுக்கு ஒன்றுமில்லை" என்று அனுப்பிவிடக் கூடாது. அறிகுறி இருக்கும் நாளில் மறுபடி ஊதச் சொல்ல வேண்டும், முடிந்தவரை அதே கருவியில்.