நீளும் கை: அனிமேஷனில் பயத்தை வரைந்து பார்த்தது

கிரிட்டா என்ற வரையும் மென்பொருளில் வரைந்துகொண்டிருக்கும் குறும்படம் பாதி தாண்டிவிட்டது. 2017 நவம்பர் கடைசியில் ஒக்கி புயல் அடித்த நேரம், கன்னியாகுமரி மாவட்டத்துத் தூத்தூர் பக்கம் ஒரு வீட்டில், கடலுக்குப் போன மகனுக்கு விடாமல் போன் போடும் ஒரு அம்மா, அவ்வளவுதான் கதை. அவள் அழுவதும் இல்லை, பேசுவதும் இல்லை. உள்ளே நடப்பதை உருவத்தைக் கோணலாக்கித்தான் காட்டியாக வேண்டும்.

கண்ணைப் பிதுக்கி வாயை இழுத்து வரைந்தால் சிரிப்புதான் வருகிறது. கனடாவில் வேலை செய்யும் அனிமேட்டர் கிறிஸ் லாண்ட்ரத் 2004-ல் செய்த 'ரயன்' என்ற அனிமேஷன் குறும்படத்தைத் திரும்பப் போட்டுப் பார்த்தேன். அதில் நொந்துபோன அனிமேஷன் கலைஞர் ஒருவரின் தலையில் பெரும்பகுதியே இருக்காது, ஆனால் குரல் நிஜப் பேட்டியில் பதிந்தது, பேச்சும் கையசைவும் நம்ம பக்கத்தில் உட்கார்ந்திருக்கும் ஆள் மாதிரியே இருக்கும், அதனால்தான் அந்த ஓட்டை அப்படி உறுத்துகிறது.

அதனால் முகத்தை விட்டுவிட்டு, போன் பிடித்திருக்கும் கையை மட்டும் எடுத்துக்கொண்டேன். 'தொடர்பு எல்லைக்கு வெளியே' என்று குரல் வரும் ஒவ்வொரு தடவையும் கை கொஞ்சம் நீளும், போன் அவளை விட்டுத் தள்ளிப் போகும். நொடிக்கு 12 படம், ஒவ்வொன்றும் இரண்டு பிரேம் நிற்கும். கண்முன்னே சட்டென்று நீண்டால் காமெடிதான், ஆகவே ஷாட் ஜன்னலுக்கோ அடுப்புக்கோ மாறியிருக்கும்போது நீட்டிவிட்டுத் திரும்பி வருகிறேன். பார்க்கிறவருக்கு எப்போது நீண்டது என்றே தெரியாது. வேகமாகக் கோணினால் சிரிப்பு, மெதுவாகக் கோணினால் கிலி!

அப்புறம் கோட்டு நடுக்கம். ஒரே படத்தை மூன்று தடவை மேலே வைத்து வரைந்து சுற்றவிட்டால் கோடு தானாகக் கொதிக்கிற மாதிரி நடுங்கும். அதைக் கதவுச் சட்டத்துக்கு மட்டும் வைத்திருக்கிறேன். வாசலில் யாரோ வரும் சத்தம் கேட்டதும் நடுக்கம் சட்டென்று நிற்கும். ஆடியதைவிட அது நிற்பதுதான் எனக்கே பயமாக இருந்தது.

பக்கத்து வீட்டுப் பாட்டியிடம் போனில் ஓட்டிக் காட்டினேன். கொஞ்ச நேரம் ஒன்றும் சொல்லவில்லை. பிறகு, "கை வளந்துட்டே போகுதே மக்களே, அவன் எடுத்தாத்தான் நிக்கும் போல" என்றார். விளக்கம் எதுவும் நான் சொல்லியிருக்கவில்லை.

அந்த அறிவிப்புக் குரலையும் இழுத்துப் பார்த்தேன், கையும் குரலும் சேர்ந்து இழுபட்டால் பேய்ப்படம் ஆகிவிடுகிறது, சரி, குரல் அப்படியே இருக்கட்டும். இனி வாசல் காட்சிக்கு நிறம் போட வேண்டும், கடைசி ஷாட்டில் கையைப் பழைய அளவுக்குக் கொண்டுவருவதா விடுவதா என்று இன்னும் முடிவாகவில்லை.